நுரையீரலை விரித்துப் பார்த்தது யார்?

மனித நுரையீரலை விரித்துப் போட்டால் ஒரு டென்னிஸ் மைதானத்தையே மூடிவிடும் என்று பள்ளியில் ஆசிரியர் சொல்லியிருப்பார். சிகரெட்டை விடச் சொல்லும் டாக்டரும் இதைச் சொல்வார். கேட்டதும் வாயைப் பிளக்கிறோம். ஆனால் அடுத்த கேள்வியை யாரும் கேட்பதில்லை. விரித்தது யார்? அளந்தது யார்?

நெஞ்சுக்கூட்டுக்குள் இருப்பது மடித்து வைத்த துணியில்லை. கோடிக்கணக்கான காற்று நுண்ணறைகள் ஒன்றோடொன்று சுவரைப் பகிர்ந்துகொண்டு நெருக்கியடித்து நிற்கின்றன. ஓர் அறையின் அகலம் கால் மில்லிமீட்டர்கூட இராது. கத்தரித்துப் பிரித்து, நீவி, டேப் வைத்து அளக்கும் வேலை நடக்கவே நடக்காது. அப்படியிருந்தும் சுவிட்சர்லாந்தின் பெர்ன் பல்கலைக்கழகத்தில் பீட்டர் கேர், மரியான் பாகோஃபென், ஏவால்ட் வைபெல் ஆகிய மூவரும் 1978-ல் ஓர் எண்ணை வெளியிட்டார்கள். அந்தச் சுவர்களின் மொத்தப் பரப்பு சராசரியாக 143 சதுர மீட்டர்.

அவர்கள் எதையும் விரிக்கவில்லை. நுரையீரலை மெல்லிய சீவல்களாக வெட்டினார்கள், நுண்ணோக்கியில் வைத்தார்கள், படத்தின் மேல் சில கோடுகளைப் போட்டார்கள், கோடுகள் எத்தனை இடத்தில் சுவரை வெட்டுகின்றன என்று எண்ணினார்கள். எண்ணிக்கை பரப்பாக மாறியது எப்படி? அதற்கு ஆவடியிலோ பட்டாபிராமிலோ உள்ள ஏதாவதொரு புது வீட்டின் கூடத்திலிருந்து தொடங்கலாம்.

தரையில் ஒரு ஈர்க்குச்சி

இப்போது கட்டும் வீடுகளில் தரைக்குப் பெரும்பாலும் இரண்டடிக்கு இரண்டடி டைல்ஸ்தான் போடுகிறார்கள். ஒரே திசையில் ஓடும் இணைப்புக் கோடுகளை மட்டும் பாருங்கள். குறுக்கே ஓடுபவற்றை மறந்துவிடுங்கள். கோட்டுக்குக் கோடு இரண்டடி இடைவெளி. விளக்குமாற்றிலிருந்து ஒரு ஈர்க்குச்சியை உருவி, சரியாக ஓரடி நீளத்துக்கு நறுக்கிக்கொண்டு, குறி பார்க்காமல் தரையில் வீசுங்கள். சில தடவை அது இரண்டு கோடுகளுக்கு நடுவே விழும். சில தடவை ஏதாவது ஒரு கோட்டின் மேல் குறுக்கே கிடக்கும். நூறு தடவை வீசினால் எத்தனை தடவை கோட்டை வெட்டும்?

பிரான்சின் இயற்கையியல் அறிஞர் புஃபோன் பிரபு 1733-ல் பாரிஸ் அறிவியல் கழகத்தின் முன் வைத்த கேள்வி இது. 1777-ல் விரிவாக அச்சிலும் வெளியிட்டார். உயிரினங்களைப் பற்றிப் பல தொகுதிகள் எழுதிய மனிதர், நடுவே சூதாட்டக் கணக்கிலும் கைவைத்திருக்கிறார். அவருடைய விடை நம் கூடத்துக்குச் சொல்வது: நூற்றுக்கு ஏறத்தாழ 32 தடவை. துல்லியமாகச் சொன்னால், ஒன்றை 3.14159 என்று நீளும் பை என்ற எண்ணால் வகுத்தால் வருவது.

நேரான குச்சி, நேரான கோடு. வட்டமே இல்லாத இடத்தில் வட்டத்தின் எண் எங்கிருந்து வந்தது? குச்சி எந்தத் திசையிலும் விழலாம், திசைகள் எல்லாம் சேர்ந்தால் ஒரு முழுச் சுற்று, அதனால் பை வருகிறது என்று சொல்லிவிட்டு நகர்வது வழக்கம். அது சரிதான், ஆனால் வயிறு நிறையாது. 1860-ல் பார்பியே என்ற பிரெஞ்சுக் கணித அறிஞர் காட்டிய வழி இதைவிட அழகானது.

குச்சியை வளைத்தால்

ஓரடிக் குச்சியைப் பன்னிரண்டு அங்குலத் துண்டுகளின் வரிசையாக நினைத்துக்கொள்ளுங்கள். எந்தத் துண்டுக்கும் தனிச் சலுகை இல்லை. கோட்டை வெட்டும் வாய்ப்பு ஒவ்வொன்றுக்கும் சமம். எனவே நீளம் இரண்டு மடங்கானால், பல தடவை வீசிக் கிடைக்கும் வெட்டுகளின் சராசரியும் இரண்டு மடங்காகும். இது எளிது.

அடுத்த படியில்தான் சூட்சுமம். துண்டுகள் நேராக ஒட்டியிருக்கின்றனவா, கோணல்மாணலாக ஒட்டியிருக்கின்றனவா என்பது சராசரியைப் பாதிப்பதே இல்லை. கோணலாக இருந்தால் ஒரு வீச்சில் மூன்று வெட்டு விழும், அடுத்த வீச்சில் ஒன்றுமே விழாது. ஆனாலும் ஒவ்வொரு துண்டும் தன் பங்கைத்தான் தரும். கூட்டிச் சராசரி எடுத்தால் நீளம் மட்டுமே மிஞ்சும், வடிவம் காணாமல் போய்விடும்.

அப்படியானால் நமக்கு வசதியான ஒரு வடிவத்தை எடுத்துக்கொண்டு விடையைக் கண்டுபிடித்துவிடலாம். கட்டடக்காரர்களிடம் கட்டுக்கம்பி கொஞ்சம் வாங்கி, இரண்டடி விட்டத்துக்கு ஒரு வளையம் செய்யுங்கள். கோடுகளின் இடைவெளியும் இரண்டடிதான். இந்த வளையத்தை எங்கே, எப்படிப் போட்டாலும் வெட்டுகள் சரியாக இரண்டு. ஒரே கோட்டை இரண்டு இடத்தில் வெட்டும், அல்லது அபூர்வமாக இரண்டு கோடுகளை ஒரே நேரத்தில் தொட்டுக்கொண்டு நிற்கும். மூன்றும் விழாது, ஒன்றும் விழாது. வளையத்தின் கம்பி நீளம் எவ்வளவு? இரண்டடி விட்டத்தை 3.14-ஆல் பெருக்கினால் 6.28 அடி. ஆக, 6.28 அடிக் கம்பிக்கு இரண்டு வெட்டு. ஓரடிக்கு 0.318 வெட்டு. நூறு வீச்சுக்கு 32. குச்சிக் கணக்கு முடிந்தது. பை எங்கிருந்து வந்தது என்பதும் தெரிந்துவிட்டது.

இதை வைத்துப் பையின் மதிப்பைக் கண்டுபிடிக்கப் புறப்பட்டவர்கள் உண்டு. அது வீண் வேலை. நூறு தடவை வீசினால் 27 வரலாம், 37-ம் வரலாம். இரண்டுமே இயல்புதான். 27 வந்தால் பை 3.7 ஆகிவிடும், 37 வந்தால் 2.7 ஆகிவிடும். 1901-ல் இத்தாலியின் லாட்சரினி என்பவர் 3,408 தடவை ஊசி வீசியதாகவும், பையின் மதிப்பு ஆறு தசம இடங்கள் வரை சரியாக வந்ததாகவும் அறிவித்தார். அவ்வளவு சரியாக வந்ததுதான் சந்தேகத்துக்குக் காரணம். நல்ல விடை கிடைக்கும்வரை வீசிவிட்டு அந்த இடத்தில் நிறுத்திக்கொண்டார் என்பதே பலருடைய எண்ணம்.

ஆனால் கணக்கைத் திருப்பிப் போட்டால் பயன் வருகிறது. பை நமக்கு ஏற்கெனவே தெரியும். தெரியாதது கம்பியின் நீளம் என்று வையுங்கள். சிக்கலாகச் சுருண்டு கிடக்கும் ஒரு கம்பியைப் பிரிக்காமல் அப்படியே தரையில் பல தடவை போட்டு வெட்டுகளை எண்ணுங்கள். நம் டைல்ஸில் ஒரு வெட்டுக்கு மதிப்பு 3.14 அடி. சராசரியாகப் பத்து வெட்டு விழுந்தால் கம்பியின் நீளம் சுமார் 31 அடி. மண்ணிலிருந்து கழுவியெடுத்த வேர்க்கற்றையின் மொத்த நீளத்தை அளக்க நியூமன் என்ற தாவரவியலாளர் 1966-ல் இதே வழியைக் கையாண்டார். வேரை ஒவ்வொன்றாக நிமிர்த்திப் பிடித்து அளவுகோல் வைக்கும் தொல்லை அதோடு தீர்ந்தது.

அளக்க முடியாத ஒன்றின் மேல் கோடுகளைத் தற்செயலாக விழ விட்டு, வெட்டுகளை எண்ணி, அளவைப் பெறுவது. இந்தக் கணிதத்துக்கு வடிவியல் நிகழ்தகவு என்று பெயர்.

கம்பியிலிருந்து சவ்வுக்கு

1959-ல் நியூயார்க்கில், கூர்னான், ரிச்சர்ட்ஸ் என்ற, நோபல் பரிசு பெற்ற இரு மருத்துவர்களின் ஆய்வகத்துக்கு, பின்னாளில் அந்த பெர்ன் மூவரில் ஒருவரான ஏவால்ட் வைபெல் இளைஞராக வந்து சேர்ந்தார். நுரையீரலின் உடலியக்கத்தைப் படிக்க உதவுவதாக இருந்தால் எதை வேண்டுமானாலும் செய்துகொள் என்பதுதான் அவருக்கு இடப்பட்ட வேலை. அங்கே கியூபாவிலிருந்து வந்த கோமெஸ் என்ற உயிர் இயற்பியலாளரோடு கூட்டுச் சேர்ந்தார். இருவரும் 1962-ல் வெளியிட்ட கட்டுரைதான் நுரையீரல் எண்களாக மாறிய இடம். நுண்ணறைகள் சுமார் 30 கோடி என்றார்கள். 2004-ல் இன்னும் கூர்மையான முறையில் எண்ணியபோது சராசரி 48 கோடி என்று வந்தது, ஆளுக்கு ஆள் மிகப் பெரிய வேறுபாட்டோடு.

பரப்புக்கு வருவோம். தரையில் கம்பியைக் கோடு வெட்டியது. நுரையீரலுக்குள் சவ்வைக் கோடு வெட்டுகிறது. ஒரு கோட்டின் முன் சவ்வின் ஒரு துணுக்கு எந்தச் சாய்விலும் நிற்கலாம். நேர் எதிரே நின்றால் அதன் முழுப் பரப்பும் கோட்டுக்குத் தடையாகும். விளிம்பு காட்டி நின்றால் கோடு உரசாமலே போய்விடும். ஒரு காகிதத்தை எல்லாத் திசைகளிலும் சமமாகத் திருப்பி அதன் நிழலைச் சராசரி எடுத்தால், காகிதத்தின் பரப்பில் சரிபாதி வரும். அதாவது, கோடுகள் பார்ப்பது உண்மைப் பரப்பில் பாதியைத்தான். எனவே எண்ணியதை இரண்டால் பெருக்க வேண்டும். விதி இவ்வளவுதான்: ஒரு மில்லிமீட்டர் கோட்டுக்கு எத்தனை வெட்டு என்று எண்ணி, இரண்டால் பெருக்கினால், ஒரு கன மில்லிமீட்டர் நுரையீரலுக்குள் எத்தனை சதுர மில்லிமீட்டர் சவ்வு இருக்கிறது என்பது கிடைத்துவிடும்.

போட்டுப் பார்க்கலாம். கணக்கு எளிதாக இருக்க எண்களை முழுதாக்கிக்கொள்கிறேன். படத்தில் கோடு போட்டு எண்ணியதில் மில்லிமீட்டருக்கு 15 வெட்டுகள் என்று வையுங்கள். இரண்டால் பெருக்கினால் 30. ஒரு கன மில்லிமீட்டருக்குள், அதாவது ஏறக்குறைய ஒரு கடுகளவு இடத்துக்குள், 30 சதுர மில்லிமீட்டர் சவ்வு. காற்று நிரம்பிய இரு நுரையீரல்களின் கொள்ளளவு 4.3 லிட்டர் என்றால் அது 43 லட்சம் கன மில்லிமீட்டர். முப்பதால் பெருக்க 12 கோடியே 90 லட்சம் சதுர மில்லிமீட்டர். சதுர மீட்டரில் 129. பெர்ன்காரர்களின் 143-க்குப் பக்கத்தில் வந்துவிட்டோம். கையிலிருந்தது கோடு போட்ட ஒரு தாளும் பொறுமையும் மட்டுமே.

மைதானமா, ஃபிளாட்டா?

இப்போது அந்த டென்னிஸ் மைதானத்தைச் சோதித்துவிடலாம். இருவர் இருவராக ஆடும் மைதானம் 23.77 மீட்டர் நீளம், 10.97 மீட்டர் அகலம். பரப்பு 261 சதுர மீட்டர். ஒற்றையர் ஆட்டத்துக்கு 196. நுரையீரலின் 143 இரண்டையும் எட்டவில்லை. சென்னைக் கணக்கில் 143 சதுர மீட்டர் என்பது 1,539 சதுர அடி. அம்பத்தூரில் விலைக்கு வரும் மூன்று படுக்கையறை ஃபிளாட் ஒன்றின் அளவு. ஒரு கிரவுண்டில் முக்கால்கூட இல்லை.

143-ம் கடைசி வார்த்தை இல்லை. சாதாரண ஒளி நுண்ணோக்கியில் எண்ணிய முந்தைய காலத்தில் வைபெலுக்குக் கிடைத்தது கிட்டத்தட்ட 80 சதுர மீட்டர்தான். எலக்ட்ரான் நுண்ணோக்கி வந்ததும் சவ்வின் சின்னச் சின்ன மேடுபள்ளங்களும் கண்ணுக்குத் தெரிந்தன, வெட்டுகள் கூடின, பரப்பு ஏறிவிட்டது. நுரையீரல் வளரவில்லை, பார்வை கூர்மையானது. ஒரு சுருக்கமான பொருளின் பரப்பைக் கேட்கிறவர் எவ்வளவு உருப்பெருக்கத்தில் என்பதையும் கேட்க வேண்டும். பாடப்புத்தகங்கள் இதைச் சொல்லாமல் விடுவது எனக்குக் குறையாகவே படுகிறது.

எங்கே வெட்டுவது?

இதுவரை தற்செயலாக, தற்செயலாக என்று பல தடவை சொல்லிவிட்டேன். மொத்த முறையும் அந்தச் சொல்லின் மேல்தான் நிற்கிறது. டைல்ஸ் கோடுகளுக்கு இணையாகவே குச்சியைப் போட்டுக்கொண்டிருந்தால் வெட்டு விழவே விழாது, நீளம் பூஜ்யம் என்று முடிவு வரும். சவ்விலும் அப்படித்தான். ஆய்வாளர் தன் கண்ணுக்கு அழகாகத் தெரியும் இடத்தில் வெட்டினால், கறை நன்றாக ஏறிய பகுதியை மட்டும் படமெடுத்தால், அவர் அளப்பது நுரையீரலை அல்ல, தன் ரசனையை.

அதற்காக ஒவ்வொரு வெட்டுக்கும் சீட்டுக் குலுக்க வேண்டியதில்லை. முதல் வெட்டை மட்டும் தற்செயலுக்கு விட்டால் போதும். 15 மில்லிமீட்டருக்கு ஒரு வெட்டு என்று முடிவு செய்தால், 1 முதல் 15 வரை எண்ணெழுதிய சீட்டுகளில் ஒன்றை எடுங்கள். 6 வந்தால் முதல் வெட்டு ஆறாவது மில்லிமீட்டரில். பிறகு 21, 36, 51 என்று சீராகப் போகலாம். உறுப்பின் எந்தப் பகுதிக்கும் கூடுதல் வாய்ப்பும் இல்லை, குறைந்த வாய்ப்பும் இல்லை. இப்படி எடுத்த சில சீவல்களின் பரப்பைக் கூட்டி இடைவெளியால் பெருக்கினால் உறுப்பின் கொள்ளளவே வந்துவிடும். 17-ம் நூற்றாண்டில் இத்தாலியின் கவாலியேரி வகுத்த விதி அது.

பாறைக்காரர்கள் இந்த விஷயத்தில் உயிரியல்காரர்களுக்கு முன்னோடிகள். பாறையை வழவழப்பாக வெட்டினால் வெட்டுமுகத்தில் ஒரு கனிமம் எத்தனை பங்கு இடத்தைப் பிடிக்கிறதோ, பாறை முழுவதிலும் அது அத்தனை பங்குதான் என்று 1847-ல் டெலெஸ் என்ற பிரெஞ்சு நிலவியலாளர் காட்டினார். 1961-ல் ஜெர்மனியின் ஃபெல்ட்பெர்க் மலையில் பாறை, உலோகம், உடல் என்று வெவ்வேறு துறையில் தவித்துக்கொண்டிருந்தவர்கள் கூடி, எல்லாருடைய தவிப்பும் ஒன்றுதான் என்று கண்டுகொண்டு ஒரு சங்கம் அமைத்தார்கள். இந்தத் துறைக்கு ஸ்டீரியாலஜி என்று பெயர் வைத்தார்கள். வெட்டுமுக அளவியல் என்று நாம் சொல்லலாம்.

நூறு புலங்கள்

சிறு பகுதியை எண்ணி முழுமையை அறியும் வழக்கம் நம் பக்கத்திலும் உண்டு. அம்பத்தூரை அடுத்த அயப்பாக்கத்தில், வீட்டு வசதி வாரியக் குடியிருப்புப் பகுதியில், இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் தேசிய நோய்ப்பரவலியல் நிறுவனம் இருக்கிறது. 1999-ல் இரண்டு அமைப்புகளை ஒன்றாக்கி இதை உருவாக்கினார்கள். ஒன்று, ஆவடியில் இயங்கிய மத்திய ஜால்மா தொழுநோய் நிறுவனத்தின் களப்பிரிவு. மற்றொன்று, சென்னையின் மருத்துவப் புள்ளியியல் ஆராய்ச்சி நிறுவனம். நோயாளியின் தோலைப் பார்த்தவர்களும் எண்களைப் பார்த்தவர்களும் ஒரே கூரையின் கீழ் வந்தார்கள். அந்தச் சேர்க்கை தற்செயலானதல்ல. தொழுநோயின் அளவுகோலே எண்ணிக்கைதான்.

தோலைச் சிறிதாகக் கீறி எடுத்த திசுச்சாற்றை ஸ்லைடில் தடவி, சாயமேற்றி, எண்ணெய்த் துளி வைத்துப் பார்க்கும்போது கண்ணுக்குத் தெரியும் வட்டத்தைப் புலம் என்பார்கள். ஒரு புலத்தில் ஆயிரத்துக்கு மேல் கிருமி தெரிந்தால் 6 பிளஸ். நூறு புலங்களில் தேடியும் மொத்தமே ஒன்று முதல் பத்துக் கிருமிதான் என்றால் 1 பிளஸ். காசநோய்க்குச் சளி பார்க்கும் லேப் டெக்னீஷியனும் இப்படித்தான். ஒரு புலத்துக்குப் பத்துக்கு மேல் தெரிந்தால் 20 புலங்களோடு நிறுத்திக்கொள்ளலாம். ஒன்றும் தெரியாவிட்டால் 100 புலங்கள் பார்க்காமல் நெகட்டிவ் என்று எழுதக் கூடாது.

ஏன் இந்த ஏற்பாடு? அடர்த்தியாக இருப்பதை எண்ணச் சிறிது இடம் போதும், அரிதாக இருப்பதைப் பிடிக்க அதிக இடம் துழாவ வேண்டும். நூறு புலங்கள் பார்த்தாலும் ஸ்லைடின் சிறு பகுதிதான் பார்த்ததாகும். ஸ்லைடே சளியின் மிகச் சிறு பகுதி. ஒரு மில்லிலிட்டர் சளியில் சுமார் 5,000 முதல் 10,000 கிருமிகளாவது இருந்தால்தான் இந்தச் சோதனை பாசிட்டிவ் காட்டும். நெகட்டிவ் என்றால் கிருமியே இல்லை என்று பொருளில்லை. மரபணுவைத் தேடும் புதுச் சோதனைகள் வந்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

வரப்போரப் பயிர்

புலத்தின் விளிம்பில் பாதி உள்ளே, பாதி வெளியே கிடக்கும் கிருமியை என்ன செய்வது? அற்பக் கேள்வியாகத் தோன்றும். இதே கேள்வி இந்தியாவில் வயல்களை வைத்து ஒரு பெரிய சண்டையே மூட்டியிருக்கிறது.

பூந்தமல்லியைத் தாண்டித் திருவள்ளூர்ப் பக்கம் போனால் நெல் வயல்கள் வரும். மாவட்டத்தின் விளைச்சலை அறிய எல்லா வயலையும் அறுத்து எடை போட முடியாது. சீட்டுப் போட்டு வயலைத் தேர்ந்து, அதற்குள்ளும் சீட்டுப் போட்டு ஒரு சின்னச் சதுரத்தைக் குறித்து, அதை மட்டும் அறுத்து எடை போடுகிறார்கள். பயிர் அறுவடைப் பரிசோதனை என்பது இதுதான். பயிர்க் காப்பீட்டுப் பணமும் இதை நம்பித்தான் வருகிறது. 1940-களில் புள்ளியியலாளர் மகலனோபிஸ் சின்னச் சின்னத் துண்டுகளை நிறைய அறுத்தால் போதும் என்றார். இன்னொரு புள்ளியியலாளரான சுகாத்மே மறுத்தார். துண்டு சிறிதானால் பரப்போடு ஒப்பிடும்போது விளிம்பு அதிகம். துண்டின் எல்லைக் கயிற்றின் மேல் நிற்கும் பயிரை அறுக்கிறவர் உள்ளே சேர்த்துக்கொள்வார், விளைச்சல் உள்ளதைவிட அதிகமாகத் தெரியும் என்று 1946-ல் எழுதினார். இன்று நெல்லுக்கு 5 மீட்டருக்கு 5 மீட்டர் துண்டு வழக்கத்தில் இருக்கிறது.

டென்மார்க்கின் கண்டர்சன் 1977-ல் நுண்ணோக்கிக்குச் சொன்ன தீர்வு வேறு வகை. சதுரத்தின் இரண்டு பக்கங்களை அனுமதிக்கப்பட்டவை என்றும் மற்ற இரண்டைத் தடை செய்யப்பட்டவை என்றும் குறித்துவிடுங்கள். தடைப் பக்கத்தையோ அதன் நீட்சியையோ தொட்ட உயிரணுவை எண்ணாதீர்கள், முழுதும் உள்ளே இருப்பதையும் அனுமதிப் பக்கத்தை மட்டும் தொட்டதையும் எண்ணுங்கள். படம் முழுவதும் இப்படிச் சதுரங்களை அடுக்கினாலும் எந்த உயிரணுவும் இரண்டு தடவை எண்ணப்படாது, எதுவும் விட்டுப்போகாது.

தண்டலம் சாலையில் ஒரு மூளை

பூந்தமல்லியிலிருந்து பெங்களூரு நெடுஞ்சாலையில் செம்பரம்பாக்கத்தைக் கடந்து போனால் தண்டலத்தில் சவீதா மருத்துவக் கல்லூரி வரும். 2024 டிசம்பரில் சென்னை ஐஐடியின் சுதா கோபாலகிருஷ்ணன் மூளை மையம், கருவில் வளரும் சிசுவின் மூளைக்கு ‘தரணி’ என்ற முப்பரிமாண வரைபடத்தை வெளியிட்டது. மோகனசங்கர் சிவப்பிரகாசம் தலைமையிலான இந்த மையத்தின் முயற்சியில் மருத்துவத் தரப்பிலிருந்து கைகோத்தவை சென்னையின் மெடிஸ்கேனும் இந்தச் சவீதா மருத்துவமனையும். கர்ப்பத்தின் நடு மும்மாதத்தைச் சேர்ந்த சிசுக்களின் மூளைகளை முடியைவிட மெல்லிய சீவல்களாக்கி, சாயமேற்றி, ஒவ்வோர் உயிரணுவும் தெரியும்படி படமெடுத்திருக்கிறார்கள். மொத்தம் 5,132 சீவல்கள்.

இத்தனை கண்ணுக்குத் தெரிந்தால் ஒவ்வொரு சீவலிலும் உள்ள உயிரணுக்களை எண்ணிக் கூட்டிவிட்டால் போதாதா? போதாது. இங்கே ஒரு பொறி இருக்கிறது. ஸ்வீடனின் விக்செல் 1925-லேயே எச்சரித்த பொறி. கத்தி பெரிய உயிரணுவை அடிக்கடி சந்திக்கும், சின்னதை எப்போதாவதுதான் சந்திக்கும்.

ஒரு நரம்பணுவின் உயரம் 20 மைக்ரான், சீவலின் தடிமன் 5 மைக்ரான் என்று வையுங்கள். அந்த ஒரே அணு சராசரியாக ஐந்து சீவல்களில் தலைகாட்டும். ஐந்து என்று எண்ணிவிடுவோம். அதே அணு சுருங்கி 10 மைக்ரான் ஆனால் மூன்று சீவல்களில்தான் வரும். இப்போது ஒரு முதியவரின் மூளையையும் ஓர் இளைஞரின் மூளையையும் ஒப்பிடுகிறோம். முதியவரின் அணுக்கள் எதுவும் சாகவில்லை, சுருங்கின அவ்வளவுதான். ஸ்லைடு சொல்வது என்ன? ஐந்துக்கு மூன்று. நூற்றுக்கு நாற்பது அணுக்கள் செத்துப்போயின என்று!

இதைத் தீர்க்க 1984-ல் ஒரு கட்டுரை வந்தது. ஆசிரியர் பெயர் டி. சி. ஸ்டீரியோ. அப்படி ஒரு ஆள் கிடையாது. முறையின் பெயரான டைசெக்டர் என்பதன் ஆங்கில எழுத்துகளை மாற்றிப் போட்ட புனைபெயர். எழுதியவர் அதே கண்டர்சன். முறை இவ்வளவு எளிது. அடுத்தடுத்த இரண்டு சீவல்களை எடுங்கள். முதலாவதில் தெரிந்து இரண்டாவதில் தெரியாத அணுக்களை மட்டும் எண்ணுங்கள். பெரிய அணுவானாலும் சிறியதானாலும், உருண்டையானாலும் கோணலானாலும், ஓர் அணு முடியும் இடம் ஒன்றுதான். உச்சிகளை எண்ணினால் தலைகளை எண்ணியதாகிவிடும். இதை இரட்டைச் சீவல் முறை என்று அழைக்கலாம். அணுவின் வடிவத்தைப் பற்றி எந்த ஊகமும் செய்யாமல் எண்ணிக்கையைத் தரும் முறை இது.

பாக்கன்பெர்க்கும் கண்டர்சனும் 1997-ல் 94 பேரின் மூளைகளில் இந்த முறையைப் பயன்படுத்தினார்கள். மூளையின் மேற்புறணியில் பெண்களுக்குச் சராசரி 1,900 கோடி நரம்பணுக்கள், ஆண்களுக்கு 2,300 கோடி. இருபது வயதிலிருந்து தொண்ணூறு வயதுக்குள் குறைவது பத்தில் ஒரு பங்கு. நாளொன்றுக்குச் சுமார் 85,000. கேட்க அதிகமாகத் தெரியும். ஆனால் வயதானால் மூளை பாதி காலியாகிவிடும் என்ற பழைய பயத்துக்கு இந்த எண்ணில் ஆதாரமில்லை. (ஆண் பெண் வேறுபாட்டை வைத்துப் புத்திசாலித்தனத்தைப் பேச வருகிறவர்களுக்கு: எண்ணிக்கை வேறு, அறிவு வேறு. அந்தக் கட்டுரை அளந்தது எண்ணிக்கையை.)

இத்தனை கோடியையும் அவர்கள் ஒவ்வொன்றாக எண்ணவில்லை. இந்த முறையில் ஒரு மூளைக்குச் சில நூறு அணுக்களை எண்ணினாலே போதும். ஆளுக்கு ஆள் உள்ள இயற்கையான வேறுபாடு, அப்படி எண்ணுவதில் வரும் பிழையைவிடப் பெரியது. ஒரே மூளையில் ஆயிரக்கணக்கில் எண்ணிக் கண்ணைக் கெடுத்துக்கொள்வதைவிட இன்னும் நான்கு மூளைகளில் நூறு நூறாக எண்ணுவது மேல். கணினி சில நொடியில் எல்லா அணுவையும் எண்ணித் தருகிற இன்றும் இது மாறவில்லை. தவறான இடத்தில் வெட்டியதைக் கோடி எண்ணினாலும் விடை தவறாகவே வரும்.

தரணியின் படங்கள் கட்டணமின்றி எல்லாருக்கும் இணையத்தில் திறந்திருக்கின்றன. பிளஸ் டூ வகுப்பின் உயிரியல் ஆசிரியரும் கணித ஆசிரியரும் ஒரு பாடவேளையைப் பகிர்ந்துகொள்ள முன்வந்தால் போதும். ஒளி புகும் தாள் ஒன்றில் கட்டம் வரைந்து, ஏதேனும் ஒரு சீவலைத் திரையில் திறந்து, அதன் மேல் தாளை ஒட்டி மாணவர்களை எண்ண வையுங்கள். முதல் கட்டம் எங்கே விழ வேண்டும் என்பதை மட்டும் நீங்கள் முடிவு செய்யாதீர்கள், சீட்டுக் குலுக்கி எடுங்கள்.